கான்ராட் ஃபைட்டை மொட்டை மாடியில் போடுவது எப்படி

கான்ராட் ஃபைட் என்ற ஜெர்மன் நடிகரை ஊர்க்காரர்களுக்குப் போட்டுக் காட்ட நினைக்கிறவர்கள் முதலில் அவருடைய ஹாலிவுட் படங்களை ஒதுக்கி வையுங்கள். 'காசாபிளாங்கா'வில் நாஜி மேஜராக வருகிறவர் இவர்தானே என்று ஒருவர் ஆரம்பிப்பார். 1928இல் வந்த 'சிரிக்கும் மனிதன்' படத்தில் இவருடைய முகத்தைப் பார்த்துத்தான் பேட்மேன் காமிக்ஸில் ஜோக்கரை வரைந்தார்கள் என்று காலேஜ் பையன்கள் சொல்வார்கள். இரண்டுமே உண்மைதான். ஆனால் அங்கிருந்து தொடங்கினால் 'வில்லன் நடிகர்' என்று முடிவு கட்டிவிட்டு எழுந்து போய்விடுவார்கள். 1917 முதல் 1926 வரை ஜெர்மனியில் அவர் நடித்ததைப் பார்த்தால் அவர் வேறு ஆள். தன் உடம்பு தன் சொல் கேட்காத மனிதர்களாகவே திரும்பத் திரும்ப வருகிறார். நம் பக்கத்து ஜனங்களுக்கு இது சட்டென்று பிடிபடும். ஏன் என்று கீழே சொல்கிறேன்.

எங்கள் தொழில் மைக்செட். அப்பா காலத்தில் குழாய் ஸ்பீக்கரும் ஆம்ப்ளிஃபையரும்தான். இப்போது புரொஜெக்டரும் சேர்ந்திருக்கிறது. சேரன்மகாதேவி, பத்தமடை, முக்கூடல் என்று கோயில் கொடைத் திருவிழாவுக்கும் கல்யாணத்துக்கும் ஓடுகிற சாமான், வேலை இல்லாத நாளில் மாடியில் சினிமா காட்டும். அதனால் இதில் சொல்வதெல்லாம் தாமிரபரணிக் கரைக்குப் பொருந்துகிற கணக்கு. மற்ற ஊர்க்காரர்கள் காற்று விஷயத்தை மட்டும் மாற்றிக்கொள்ளுங்கள்.

காற்றிலிருந்தே தொடங்குவோம். ஆனி, ஆடியில் செங்கோட்டைக் கணவாய் வழியாக வருகிற காற்றில் எந்தத் திரையும் நிற்காது. ஐப்பசி, கார்த்திகை மழைக்குப் போய்விடும். பங்குனியிலிருந்து கொடைக் காலம். செட்டும் கிடைக்காது, உட்கார்ந்து பார்க்க ஆளும் இருக்காது. தையும் மாசியும்தான் தோது. ஏழு மணிக்கு நன்றாக இருட்டிவிடும், கையில் பனங்கிழங்கும் இருக்கும்.

திரைக்குக் கடையில் காசு கொடுக்க வேண்டாம். எட்டு முழ வேட்டி இரண்டு வாங்கி, கரையை வெட்டிவிட்டு நீளவாக்கில் சேர்த்துத் தையுங்கள். ஏழரை அடி உயரம், பன்னிரண்டடி அகலம் வரும். அந்தக் காலத்து மௌனப் படத்தின் சட்டம், அதாவது ஃபிரேம், நான்குக்கு மூன்று என்ற கணக்கு. ஏழரை அடி உயரத்துக்குப் பத்தடி அகலம் போதும், மீதி இரண்டு பக்கமும் கட்டுவதற்கு. பருத்தியாக இருக்கட்டும். பாலியெஸ்டர் கலந்தால் பளபளத்துக் கண்ணைக் கூசும். பின்னால் ஒரு கறுப்புத் துணியோ பழைய ஜமுக்காளமோ கட்டினால் வெளிச்சம் ஒழுகாது. அடி மடிப்பில் ஒரு மூங்கில் கழியைச் செருகிவிட்டால் துணி ஆடாது. நடுத் தையல் தெரியத்தான் செய்யும். முதல் பத்து நிமிடத்துக்கு அப்புறம் யாரும் அதைப் பார்ப்பதில்லை.

புரொஜெக்டரில் படத்தை அகலமாக இழுக்கிற வசதி இருக்கும். அதை அணைத்துவிடுங்கள். ஃபைட் ஆறடிக்கு மேல் உயரம், ஒல்லி, நீண்ட கை. அந்த நீளத்தை வைத்துத்தான் பாதி நடிப்பே. இழுத்தால் குண்டாகிவிடுவார், கதையே கெட்டுவிடும். வேகத்தையும் பாருங்கள். அந்தப் படங்களைக் கையால் சுற்றுகிற கேமராவில் நொடிக்குப் பதினாறு, பதினெட்டு, இருபது சட்டம் என்று எடுத்தார்கள். பழைய பிரதிகள் சிலவற்றில் அதை இருபத்துநான்கில் ஓடவிட்டிருப்பார்கள். எல்லாரும் குடுகுடுவென்று ஓடுவார்கள், கூட்டம் சிரிக்கும். தெருவில் ஒருவர் நடக்கிற காட்சியைப் பாருங்கள். நடை நடையாக இல்லாவிட்டால் விஎல்சி பிளேயரில் வேகத்தை முக்கால் அளவுக்குக் குறையுங்கள். புதுப்பித்த பிரதியில் இந்த வேலை தேவைப்படாது. காட்சிக்குக் காட்சி மஞ்சள், நீலம் என்று சாயம் மாறுவதும் கோளாறு அல்ல. அந்தக் காலத்தில் பிரதிக்கே சாயம் ஏற்றினார்கள். நிறத்தை எடுத்துவிட்டுக் கறுப்பு வெள்ளை ஆக்குகிறேன் என்று யாரும் ரிமோட்டைத் தொட வேண்டாம்.

படத்துக்கு முன்னால் ஐந்து நிமிடம் ஆளைப் பற்றிப் பேசுங்கள். அதற்கு மேல் வேண்டாம். நான் சொல்வது இதுதான்.

1893 ஜனவரி 22இல் பெர்லினில் பிறந்தார். படிப்பு ஏறவில்லை. அப்போது பெர்லினில் நாடகம் என்றால் மாக்ஸ் ரைன்ஹார்ட். அவருடைய டாய்ச்சஸ் தியேட்டரில் இடம் கிடைத்துச் சின்னச் சின்ன வேஷம் போட்டுக்கொண்டிருக்கும்போதே முதல் உலகப் போர் வந்துவிட்டது. 1914 கடைசியில் பட்டாளத்துக்கு இழுத்தார்கள். அடுத்த வருஷம் ரஷ்யப் பக்கத்துப் போர்முனை. அங்கே மஞ்சள் காமாலையும் நிமோனியாவும் சேர்ந்து வந்து, பால்டிக் கடலோர ஆஸ்பத்திரியில் கிடந்தார். பக்கத்தில் லிபாவ் என்ற ஊரில் சிப்பாய்களுக்காக நாடகக் கொட்டகை ஒன்று நடந்தது. இன்றைக்கு அந்த ஊர் லாத்வியாவில் இருக்கிறது. உடம்பு தேறாத சிப்பாய் அங்கே நடிகரானார். 1917 தொடக்கத்தில் போருக்கு லாயக்கில்லை என்று விடுவித்தார்கள். நேரே ரைன்ஹார்டிடம் திரும்பினார்.

திரும்பி வந்த நேரமும் தோதானது. 1916லிருந்து ஜெர்மனியில் வெளிநாட்டுப் படங்களை இறக்குமதி செய்யத் தடை. கொட்டகைக்குப் படம் வேண்டும், உள்ளூரில் எடுத்தே ஆக வேண்டும், நடிக்க ஆள் வேண்டும். பகலில் ஸ்டுடியோ, ராத்திரி நாடக மேடை என்று பெர்லின் நடிகர்களுக்கு இரட்டைச் சம்பளம். ஃபைட்டின் முதல் படம் 1917இல். 1918இல் 'பெங்களூர் மர்மம்' என்றே ஒரு படத்தில் இருக்கிறார். இதைச் சொன்னதும் கூட்டத்தில் கலகலப்பு வரும். அதோடு பேச்சை நிறுத்திவிட்டு லைட்டை அணையுங்கள்.

முதல் ராத்திரிக்கு 'டாக்டர் காலிகாரி'. வேறு எதையும் யோசிக்க வேண்டாம். வருஷக் கணக்குப்படி 1919 படங்களில் தொடங்க வேண்டும் என்று சிலர் சொல்வார்கள். அது பரீட்சைக்குப் படிக்கிறவர்களுக்கு. ராபர்ட் வீனே இயக்கிய இந்தப் படம் 1920 பிப்ரவரி 26இல் பெர்லின் மார்மர்ஹவுஸ் கொட்டகையில் வெளியானது. ஒன்றேகால் மணி நேரம்தான். ஆறு அங்கமாகப் பிரித்திருப்பதால் கரண்ட் போனாலும் ஓர் அங்கத்தின் ஆரம்பத்திலிருந்து திரும்பப் போடலாம். தெரு, வீடு, ஜன்னல் எல்லாம் கோணல்மாணலாகத் துணியில் வரைந்த செட். ஹெர்மன் வார்ம், வால்டர் ரைமன், வால்டர் ரோரிக் என்று மூன்று பேர் வேலை. 'செட்டுக்குக் காசில்லையா' என்று ஒருவர் கட்டாயம் கேட்பார். சிரித்துவிட்டு விடுங்கள்.

காலிகாரி என்ற வித்தைக்காரன் பொருட்காட்சிக் கூடாரத்தில் ஒருவனைப் பெட்டியில் வைத்துக் காட்டுகிறான். பெயர் கேசரே. இருபத்துமூன்று வருஷமாகத் தூங்குகிறவன். எழுப்பினால் வருங்காலம் சொல்வான். ராத்திரியில் காலிகாரி அனுப்புகிற இடத்துக்குப் போய்க் கொலையும் செய்வான். கேசரேதான் நம் ஃபைட். காலிகாரியாக வெர்னர் க்ராவுஸ்.

பெட்டி திறக்கிற காட்சி வரும்போது ஜனங்களைப் பேசவிடாதீர்கள். நின்றபடியே தூங்குகிறான். காலிகாரி கட்டளை இடுகிறான். முகம் பக்கத்தில் வருகிறது. முதலில் ஒன்றுமே நடப்பதில்லை. அப்புறம் வாயோரம் ஒரு துடிப்பு, மூக்கு விரிகிறது, இமை நடுங்குகிறது. கண் திறக்கிறது, திறந்துகொண்டே போகிறது, இதற்கு மேல் விரியாது என்று நாம் நினைக்கிற இடத்தையும் தாண்டி. கறுப்பு மை பூசிய கண்ணுக்கு நடுவில் வெள்ளை மட்டும். கை கால் எதுவும் இல்லை, வசனம் இல்லை, வெறும் இமை. மேடையில் பின்வரிசைக்குத் தெரிய வேண்டும் என்று கையை வீசிப் பழகிய நடிகர் கேமராவுக்கு எவ்வளவு போதும் என்று கண்டுபிடித்துவிட்ட இடம் இது.

இங்கேதான் நம் ஊர் வேலை செய்யும். முன்வரிசைப் பாயில் இருந்த ஆச்சி ஒருத்தி என்னைக் கூப்பிட்டுக் கேட்டாள்: "ஏய்யா, இவன் மேல வந்திருக்கது சாமியா பேயாய்யா?" "ரெண்டும் இல்ல ஆச்சி, ஒரு டாக்டரு" என்றேன். "டாக்டரா? அப்ப எறங்காது" என்றாள். சுடலைமாடன் கொடையில் சாமியாடி நிற்பதைப் பார்த்து வளர்ந்தவர்களுக்குக் கேசரேயை யாரும் விளக்க வேண்டியதில்லை. கண் நிலைகுத்துவது, தோள் தனியாக நடுங்குவது, கால் நடக்க உடம்பு பின்னால் வருவது எல்லாம் தெரிந்த விஷயம். ஆனால் ஒரு வித்தியாசம் இருக்கிறது, படம் முடிந்து பேசும்போது அதை எடுத்துப்போடுங்கள். சாமியாடியின் காலில் ஊர் விழும், குறி கேட்கும், திருநீறு வாங்கும். கேசரே டிக்கெட் போட்டுக் காட்டுகிற சரக்கு. ஆலன் என்ற இளைஞன் அவனிடம் விளையாட்டாக 'எவ்வளவு காலம் இருப்பேன்' என்று கேட்கிறான். 'விடியும்வரை' என்று பதில் வருகிறது. சொன்னவனுக்கு அதில் சந்தோஷமும் இல்லை, துக்கமும் இல்லை.

அடுத்துக் கவனிக்கச் சொல்ல வேண்டியது ஜேன் என்ற பெண்ணின் வீட்டுக்கு அவன் போகிற காட்சி. கறுப்பு உடையோடு சுவரை ஒட்டி, கையை மேலே தூக்கி, சுவரும் அவனும் ஒன்றாகப் போகிறார்கள். கத்தியை ஓங்கியவன் அவள் முகத்தைப் பார்த்ததும் நிறுத்துகிறான். தன் உடம்பு முதல்முறையாகக் கட்டளையை மீறுகிற அந்த நொடியை முதுகிலேயே காட்டுகிறார். பிறகு அவளைத் தூக்கிக்கொண்டு கூரைமேல் ஓடி, சரிந்து விழுகிறான். படம் அங்கே முடிந்தது என்று சிலர் பாயைச் சுருட்டத் தொடங்குவார்கள், உட்கார வையுங்கள். கடைசியில் மனநோய் விடுதியில் கையில் பூவோடு நிற்கிற கேசரேயைப் பார்க்காமல் போனால் வந்தது வீண்.

இனி வாசிப்பவரும் வாத்தியமும். நடுநடுவே எழுத்து அட்டை வரும். ஜெர்மனில் இருக்கும், கீழே ஆங்கிலம் ஓடும். இரண்டும் நம் கூட்டத்துக்கு உதவாது. தமிழில் முன்கூட்டியே எழுதி வைத்து ஒருவர் மைக்கில் வாசிக்க வேண்டும். மௌனப் படக் காலத்தில் நம் கொட்டகைகளிலும் கதை சொல்ல ஆள் நின்றதுண்டு. டிவி செய்தி வாசிக்கிற குரல் வேண்டாம். வில்லுப்பாட்டில் பின்பாட்டுப் பாடுகிற ஒருவரைப் பிடியுங்கள். எங்கே நிறுத்த வேண்டும் என்பது அவர்களுக்குத்தான் தெரியும். 'ஆமா' போடுகிற பழக்கத்தை மட்டும் அன்றைக்கு விட்டுவிடச் சொல்லுங்கள். அட்டையில் இருப்பதை ஒருமுறை வாசித்தால் போதும். படத்தில் தெரிவதை வாயால் சொல்ல ஆரம்பித்தால் நடிகருக்கு வேலை இல்லாமல் போய்விடும்.

வாத்தியத்துக்கு மகுடம் என்கிற தோல் வாத்தியம். கணியான் கூத்தில் வாசிக்கிற உச்ச மகுடமும் மந்த மகுடமும் இருந்தால் வேறெதுவும் வேண்டாம். முதலில் வாசிப்பவர்களை உட்கார வைத்துப் படத்தை ஒருமுறை போட்டுக் காட்டுங்கள். கண் திறக்கிற காட்சியில் அவர்களுக்குக் கை துறுதுறுக்கும், பழக்கம் அப்படி. "அவன் முழிக்கிற வரைக்கும் கைய மடியில வச்சிருங்க அண்ணாவி" என்று நான் கேட்டுக்கொண்டேன். "அடிக்காம சாமி எப்படி வரும்?" என்றார். வாத்தியம் இல்லாமலே வரவழைக்கிறானா இல்லையா, பாருங்கள் என்றேன். பார்த்துவிட்டு, கூரைமேல் ஓடுகிற இடத்துக்குத்தான் உச்சத்தைக் கொண்டுபோனார். அதுதான் சரி. வாசிக்கிறவர்களுக்குக் கொடைக்குக் கொடுக்கிற சம்பளத்தையே கொடுங்கள். 'கலைக்காக' என்று சும்மா கூப்பிடாதீர்கள்.

சொந்த வாத்தியத்தில் இன்னொரு லாபமும் உண்டு. நம் நாட்டில் திரைப்படத்துக்குப் பதிப்புரிமை வெளியான மறு வருஷத்திலிருந்து 60 ஆண்டுதான். ஆனால் பழைய படத்துக்குப் புதிதாகப் போட்ட இசைக்குத் தனி உரிமை உண்டு. புதுப்பித்த பிரதிக்கும் சொந்தம் கொண்டாடுவார்கள். டிக்கெட் போட்டுக் காட்டுவதாக இருந்தால் கேட்டுக்கொண்டு போடுங்கள். வீட்டு மாடியில் சொந்தபந்தத்துக்கு என்றாலும் ஒலியை அணைத்துவிட்டு மகுடத்தை வையுங்கள், அதுதான் கேட்க நன்றாக இருக்கும்.

இரண்டாம் ராத்திரிக்கு ரிச்சர்ட் ஆஸ்வால்ட் 1919இல் எடுத்த 'மற்றவர்களைப் போல் அல்ல'. இதற்குக் கூட்டத்தைப் பார்த்து ஆள் சேருங்கள், குழந்தைகளுக்கான படம் இல்லை. ஃபைட் இதில் பவுல் கேர்னர் என்ற வயலின் கலைஞர். ஆணை நேசிக்கிற ஆண். அது ஜெர்மன் சட்டத்தின் 175ஆம் பிரிவில் குற்றம். அதைத் தெரிந்துகொண்ட ஒருவன் மிரட்டி மிரட்டிக் காசு பறித்து அவரை அழிக்கிறான். மாக்னுஸ் ஹிர்ஷ்ஃபெல்ட் என்ற மருத்துவர் கதையில் பங்கெடுத்து, டாக்டராகவே திரையிலும் வருகிறார். 1918 நவம்பரில் ஜெர்மனியில் தணிக்கை போயிருந்தது, அந்த இடைவெளியில்தான் இப்படி ஒரு படம் வர முடிந்தது. 1920 மே மாதம் தணிக்கை திரும்பியது, அந்த வருஷமே பொதுமக்களுக்குக் காட்டத் தடை. இன்றைக்குக் கிடைப்பது துண்டுகள்தான், ஒரு மணி நேரத்துக்குள் முடிந்துவிடும். விட்டுப்போன இடத்தை வாசிப்பவர் இரண்டு வரியில் இணைக்க வேண்டும். பேச்சு வரும்போது நம் பழைய தண்டனைச் சட்டத்தின் 377ஆம் பிரிவை உச்ச நீதிமன்றம் 2018 செப்டம்பர் 6இல்தான் தளர்த்தியது என்று ஒரு வார்த்தை சொல்லுங்கள். யாரும் 'அது அவங்க ஊர்க் கதை' என்று எழுந்து போக மாட்டார்கள். கேர்னரின் உடம்பையும் கவனியுங்கள். வயலின் வாசிக்கும்போது நிமிர்ந்திருக்கிற முதுகு, மிரட்டுகிறவன் வீட்டுக்குள் வந்ததும் எப்படிச் சுருங்குகிறது என்று.

அதே ராத்திரி, மனசு கனத்துப் போனவர்களுக்காக, 1921இல் ஜோ மே எடுத்த 'இந்தியக் கல்லறை'யிலிருந்து முதல் அரைமணி நேரம் போடலாம். முழுசாகப் போட்டால் இரண்டு பாகமும் மூன்றரை மணி நேரத்தைத் தாண்டும், மாடிக்கு ஆகாது. திரைக்கதை ஃப்ரிட்ஸ் லாங்கும் தேயா ஃபான் ஹார்போவும். ஃபைட் இதில் இந்திய மகாராஜா. இந்தியாவைப் பெர்லினுக்குப் பக்கத்தில் வோல்டர்ஸ்டோர்ஃப் என்ற ஊரில் கட்டினார்கள். மண்ணுக்குள் புதைந்து கிடக்கிற யோகியை மகாராஜா எழுப்புவார். எழுப்பியவர் சொல்லுக்கு யோகி கட்டுப்பட வேண்டும். காலிகாரியில் பெட்டிக்குள் இருந்தவர் இங்கே பெட்டியைத் திறக்கிறவராக வருகிறார். நம் ஆட்கள் தலைப்பாகையைப் பார்த்துச் சிரிப்பார்கள், சிரிக்கட்டும். அந்த மகாராஜா கையை எவ்வளவு குறைவாக அசைக்கிறார் என்பதைச் சிரித்து முடித்ததும் காட்டுங்கள்.

1924இல் பவுல் லெனி எடுத்த 'மெழுகுச் சிலைக் கூடம்' இருந்தால் அதில் இவான் என்ற ரஷ்ய மன்னனாக ஃபைட் வருகிற கதையை மட்டும் வெட்டிப் போடுங்கள். தனக்கு விஷம் வைத்துவிட்டார்கள் என்று நம்பி, மணல் கடிகாரத்தைக் கவிழ்த்துக் கவிழ்த்து வைத்துக்கொண்டே பைத்தியமாவான்.

மூன்றாம் ராத்திரி 'ஓர்லாக்கின் கைகள்'. 1924, மறுபடியும் வீனே, இந்த முறை ஆஸ்திரியாவில் எடுத்தது. பியானோ கலைஞர் ஒருவருக்கு ரயில் விபத்தில் இரண்டு கையும் போய்விடுகிறது. கொலைகாரன் ஒருவனின் கையை டாக்டர் பொருத்திவிட்டதாகத் தெரியவருகிறது. அதற்குப் பிறகு ஒன்றரை மணி நேரப் படத்தை ஃபைட் கையை வைத்தே நடத்துகிறார். உடம்பிலிருந்து தள்ளிப் பிடித்துக்கொண்டு நடப்பார், கை முன்னால் போகும், ஆள் பின்னால் இழுபட்டுப் போவார். மெதுவாகப் போகிற படம், அதனால் இதை முதல் ராத்திரி போட்டுவிடாதீர்கள். காலிகாரியைப் பார்த்தவர்களுக்கு மட்டும்தான் இதில் பொறுமை இருக்கும். மகுடத்தில் மந்தம் போதும். இடைவேளை விட்டு, சுக்குக் காபி கொடுங்கள்.

இதற்கு மேலும் கேட்கிறவர்களுக்கு 1926இல் வந்த 'பிராக் நகரத்து மாணவன்' இருக்கிறது. கண்ணாடியில் தெரிகிற தன் உருவத்தை விற்றுவிட்ட ஒருவன் கதை. அந்த வருஷமே ஜான் பாரிமோர் கூப்பிட்டு அவர் அமெரிக்காவுக்குக் கப்பல் ஏறிவிட்டார், ஆரம்பகாலம் அதோடு முடிகிறது.

ஓர்லாக் முடிந்த ராத்திரி யாரும் உடனே வீட்டுக்குப் போக மாட்டார்கள். கை செய்த குற்றத்துக்கு ஆள் பொறுப்பா என்று ஒரு வழக்கு கிளம்பும், வக்கீல் குமாஸ்தா யாராவது இருந்தால் இன்னும் நீளும். பேசட்டும். படம் முடிந்ததும் புரொஜெக்டரின் விசிறி நின்று லாம்ப் ஆறும்வரை பிளக்கைப் பிடுங்காதீர்கள். ஆறியதும் ஜெனரேட்டரை நிறுத்திவிடுங்கள். வழக்கு நடத்த நிலா வெளிச்சம் போதும், டீசல் மிச்சம்.